சூப்பர் சிங்கர் பட்டத்துக்குப் பிறகு என்ன ஆகிறது?

வந்த கேள்விகள் இரண்டு. விஜய் டிவி சூப்பர் சிங்கரில் பட்டம் வாங்கியவர்களின் பெயர் ஏன் சினிமாப் பாட்டுகளில் அதிகம் தென்படுவதில்லை, தோற்றவர்கள்தானே மேலே வருகிறார்கள் என்பது ஒன்று. பதினோரு வயதுப் பையனை, சிறுவர்களுக்கான ஜூனியர் போட்டியின் தேர்வுக்கு அனுப்பலாமா, அனுப்பினால் எதையெல்லாம் பார்த்துக்கொள்ள வேண்டும் என்பது இன்னொன்று. முதல் கேள்விக்குச் சரியான பதில் கிடைத்தால் இரண்டாவதற்குப் பாதி பதில் தானாக வந்துவிடும்.

முதலில் பட்டியலைப் பார்த்துவிடுவோம். பெரியவர்களுக்கான போட்டியில் 2006இல் நிகில் மாத்யூ, அடுத்த சீசனில் அஜீஷ், 2011இல் சாய்சரண், 2014இல் திவாகர், 2016இல் ஆனந்த் அரவிந்தாக்ஷன், 2018இல் செந்தில் கணேஷ், 2019இல் மூக்குத்தி முருகன், 2021இல் ஸ்ரீதர் சேனா, 2023இல் அருணா. முதல் எட்டுப் பேரும் ஆண்கள். பட்டம் வாங்கிய முதல் பெண் அருணாதான். அதற்குப் பதினேழு வருடம் ஆனது. ஜூனியரில் கதை வேறு: அல்கா அஜித், ஸ்பூர்த்தி, பிரித்திகா என்று பெண் பிள்ளைகள் பலமுறை வென்றிருக்கிறார்கள். குழந்தைக் குரலுக்கு ஆண், பெண் பார்க்காமல் ஓட்டுப் போடும் அதே வீடு, பெரியவர்கள் என்று வந்ததும் வேறு கணக்குப் போடுகிறது என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

இந்த வரிசையில் சினிமாவில் தடம் பதித்த பாட்டுகள் இல்லாமல் இல்லை. 2012இல் வந்த ‘3’ படத்தின் ‘இதழின் ஓரம்’ அஜீஷ் பாடியது. பாட்டைத் தெரிந்த பத்துப் பேரில் எத்தனை பேருக்குப் பாடியவர் பெயர் தெரியும் என்பது வேறு விஷயம். ஆனந்த் அரவிந்தாக்ஷன், பட்டம் வாங்கிய அதே 2016இல் ‘கொடி’ படத்தில் சந்தோஷ் நாராயணன் இசையில் ஸ்வேதா மோகனுடன் ‘சிறுக்கி வாசம்’ பாடினார். இவர் போட்டிக்கு வரும் முன்பே படங்களில் பாடியவர் என்று அப்போது பெரிய சர்ச்சையானது. ரசிகர்களுக்குக் கோபம் வந்ததில் நியாயம் உண்டு. ஆனால் அந்தச் சர்ச்சையை இன்னொரு பக்கமாகவும் பார்க்கலாம். ஏற்கெனவே சினிமாவில் பாடிய ஒருவருக்கே பெயர் கிடைக்க இந்த மேடை தேவைப்பட்டது என்றால், பாட்டு வாய்ப்பும் முகப் பரிச்சயமும் இரண்டு தனித்தனிச் சரக்குகள் என்று அர்த்தம். போட்டி விற்பது இரண்டாவதை.

“தோற்றவர்கள்தான் ஜெயிக்கிறார்கள்” என்ற பேச்சுக்கு வருவோம். அதற்கு ஆதாரம் நிறையவே காட்டலாம். ‘மெர்சல்’ படத்தின் ‘ஆளப்போறான் தமிழன்’ பாட்டில் கைலாஷ் கேருடன் சத்யபிரகாஷ், தீபக், பூஜா வைத்தியநாத் ஆகியோரின் குரல்கள் இருக்கின்றன. இதில் சத்யபிரகாஷும் பூஜாவும் மூன்றாவது சீசனில் சாய்சரணிடம் பட்டத்தை விட்டவர்கள். ‘அச்சம் என்பது மடமையடா’வின் ‘ராசாளி’யும் சத்யபிரகாஷ் பாடியதுதான். ஆறாவது சீசனில் இரண்டாம் இடம் வந்த ரக்ஷிதா சுரேஷ், ‘பொன்னியின் செல்வன்’ முதல் பாகத்தில் ‘சொல்’, இரண்டாம் பாகத்தின் கன்னடப் பதிப்பில் ‘கிருநகே’ என்று ஏ.ஆர். ரகுமான் இசையில் தனிப் பாடல்களே பாடிவிட்டார். ஜூனியர் மூன்றாவது சீசனில் ஆஜித் பட்டம் வாங்க, இரண்டாம் இடம் வந்த பிரகதி குருபிரசாத் 2013இலேயே ‘பரதேசி’யில் பாடினார். ஜூனியர் ஆறில் ஹிரித்திக் வென்றார். அதே சீசனின் பூவையாரோ ‘பிகில்’ படத்தில் விஜய்யோடு சேர்ந்து ‘வெறித்தனம்’ பாடி, படத்திலும் நடித்தார். பெரியவர்கள் போட்டியின் ஏழாவது சீசனில் பாடிய சிவாங்கியைப் பற்றிச் சொல்லவே வேண்டாம். பாட்டுப் போட்டியிலிருந்து சமையல் நிகழ்ச்சிக்குப் போய், அங்கிருந்து ‘டான்’ படம் வரை வந்துவிட்டார்.

இதையெல்லாம் அடுக்கினால் பட்டம் என்னவோ ராசியில்லாத பொருள் போலத் தெரியும். ஆனால் எண்ணும் முறையிலேயே ஒரு கோளாறு இருக்கிறது. ஒரு சீசனில் பட்டம் ஒருவருக்குத்தான். இறுதிச் சுற்றுக்கு வருபவர்கள் நாலைந்து பேர், முதன்மைச் சுற்றில் நுழைபவர்கள் இருபது பேர் என்று வைத்துக்கொள்ளுங்கள். இருபது பேரும் ஒரே தரம் என்றால்கூட, பின்னாளில் பிரபலமாகப்போகிறவர் பட்டம் வாங்காத பத்தொன்பது பேரில் ஒருவராக இருக்கத்தான் வாய்ப்பு அதிகம். ஒரு பக்கம் ஒரே ஆள், மறுபக்கம் பத்தொன்பது பேர் என்று நிறுத்தி, “பாருங்கள், இந்தப் பக்கம்தான் ஜெயித்தது” என்றால் எப்படி? இந்தியிலும் இதே பேச்சு உண்டு. 2005இல் ‘ஃபேம் குருகுல்’ போட்டியில் பட்டம் வாங்காமல் வெளியேறிய அரிஜித் சிங்கை எல்லோரும் உதாரணம் காட்டுவார்கள். சிறுவர் சுற்றில் ‘ச ரி க ம’ பட்டம் வாங்கிய ஸ்ரேயா கோஷலை அந்த நேரத்தில் மறந்துவிடுவார்கள்.

கணக்கைத் தள்ளிவைத்தாலும் ஒரு உண்மை மிச்சம் இருக்கிறது. போட்டியில் சோதிக்கப்படும் திறமை ஒன்று, ஒலிப்பதிவுக் கூடத்தில் கேட்கப்படும் திறமை வேறு. இதை விரிவாகவே சொல்ல வேண்டும்.

போட்டி மேடையில் பாடுவது, உலகமே கேட்டு மனப்பாடம் செய்த பாட்டு. எந்த இடத்தில் சங்கதி விழும், எங்கே மூச்சு எடுக்க வேண்டும், சரணத்தின் கடைசி வரியை எப்படி இழுத்துப் பல்லவியில் சேர்க்க வேண்டும் என்று எஸ்.பி.பி.யோ ஜானகியோ ஏற்கெனவே பாடி வைத்துவிட்டார்கள். போட்டியாளர் அதை அச்சுக் குலையாமல் கொண்டுவந்து, மேலே தன் பங்குக்கு ஒரு பிருகாவோ (வேகமாக உருளும் சுரக்கோவை) ஒரு உச்ச ஸ்தாயி இழுப்போ வைத்தால் கைதட்டல் வரும். நடுவர்கள் பெரும்பாலும் பின்னணிப் பாடகர்கள் என்பதால் அவர்களும் அதைத்தான் கவனிப்பார்கள்: சுருதி, தாளம், பாவம், மூலத்துக்கு எவ்வளவு பக்கத்தில் வந்தது.

ஒலிப்பதிவுக் கூடத்தில் மூலம் என்ற ஒன்றே கிடையாது. இசையமைப்பாளர் தானே முனகிப் பதிவு செய்த மெட்டு ஒன்று ஹெட்போனில் ஓடும். வரிகள் சில நேரம் அப்போதுதான் கைப்பேசிக்கு வந்து சேரும். பக்கவாத்தியம் முழுதாக இருக்காது. தாளத்துக்கு ஒரு கிளிக் சத்தமும் பின்னால் ஒரு கீபோர்டும்தான். முழுப் பாட்டையும் ஒரே மூச்சில் பாடச் சொல்வதும் அபூர்வம். ஒரு வரி, அதில் பாதி வரி, ஒரே சொல்லைச் சிரிப்போடு, பிறகு அதையே சோகமாக, பிறகு குரலே இல்லாமல் காற்றாக என்று பத்துப் பதினைந்து முறை கேட்பார்கள். எந்த முறை பிடித்திருக்கிறது என்றும் சொல்ல மாட்டார்கள். மேடையில் மூன்று நிமிடத்தில் அரங்கத்தையே கட்டிப்போடுகிறவர் இங்கே நான்காவது முறையிலேயே தடுமாறுவதுண்டு. பின்பற்ற ஒரு குரல் இல்லாமல் போவதும், தன் குரல் இயல்பாக என்ன நிறம் என்று அவருக்கே தெரியாமல் இருப்பதும்தான் காரணம். யேசுதாஸ் பாட்டுக்கு யேசுதாஸாகவும் மலேசியா வாசுதேவன் பாட்டுக்கு அவராகவும் மாறுவது போட்டியில் பலம். கூடத்தில் “சரி, இப்போது நீங்கள் பாடுங்கள்” என்றால் கை உதறும்.

மைக்கிலும் ஒரு வித்தியாசம் இருக்கிறது. மேடையில் கையில் பிடிப்பது டைனமிக் மைக். வாயோடு ஒட்டிப் பிடித்து, இருபது பேர் வாசிக்கும் சத்தத்தைத் தாண்டிப் பாட வேண்டும். கூடத்தில் இருப்பது கண்டென்சர் மைக். அதற்கும் வாய்க்கும் ஒரு சாண் இடைவெளி வேண்டும், நடுவில் காற்றைத் தடுக்கும் பாப் ஃபில்டர் இருக்கும், எச்சில் விழுங்குவதுகூடப் பதிவாகும். மேடைப் பழக்கத்தில் பாடினால் ‘ப’ வரும் இடமெல்லாம் காற்று அடிக்கும், ‘ச’ வரும் இடமெல்லாம் சீறும். மேடையில் காதுக்கு வந்துகொண்டிருந்த எதிரொலியும் இங்கே இருக்காது. வறண்ட குரலைக் கேட்டதும் பயந்துபோய் இன்னும் கத்துவார்கள். இது பழகினால் சரியாகிற விஷயம்தான். ஆனால் முதல் அழைப்பு வருவதற்கு முன்பே பழகியிருக்க வேண்டும். இரண்டாவது அழைப்பு வருமா வராதா என்பது முதல் நாளில் முடிவாகிவிடும்.

இதற்கு மேல் ஒன்று இருக்கிறது. ஒரே பாட்டை மூன்று நான்கு பேரைப் பாடவைத்துப் பிறகு ஒருவரை எடுத்துக்கொள்வது சினிமாவில் சாதாரணம். பாடிவிட்டு வந்தவருக்குத் தன் குரல்தான் இருக்கிறதா என்பது பாட்டு வெளியாகும்போதுதான் தெரியும். சிலர் டிராக், அதாவது மாதிரிக்கான குரல், பாடுவதோடு நின்றுவிடுவார்கள். இன்னொருவர் வந்து அதைக் கேட்டுப் பாடிவிட்டுப் போவார். பட்டத்தோடு அறிவிக்கப்படும் “திரைப்படத்தில் பாடும் வாய்ப்பு” என்பதும் ஒரு பாட்டுக்கான வாய்ப்புதான். படம் தள்ளிப்போகலாம், பாட்டு படத்தொகுப்பில் வெட்டுப்படலாம், ஓடாத படமாக இருக்கலாம். அந்த ஒரு பாட்டு தன் காலில் நிற்காவிட்டால் அதோடு சரி. போதாக்குறைக்கு இன்று பல இசையமைப்பாளர்கள் தாங்களே பாடிவிடுகிறார்கள், கதாநாயகர்களும் பாடுகிறார்கள். மிச்சம் இருக்கும் பாட்டுகளுக்குச் சென்னையில் மட்டும் எத்தனை குரல் காத்திருக்கிறது என்று யோசித்துக்கொள்ளுங்கள்.

கேரளத்தில் கொஞ்சம் வேறு மாதிரி நடந்தது. ஏஷ்யாநெட்டின் ஐடியா ஸ்டார் சிங்கரில் 2007ஆம் ஆண்டுப் பட்டம் வாங்கிய நஜீம் அர்ஷாத் மலையாள சினிமாவில் நிலைத்து நின்று, மாநில அரசின் சிறந்த பாடகர் விருது வரை வந்தார். அதே நிகழ்ச்சியில் பாடிய ஹேஷம் அப்துல் வஹாப் இசையமைப்பாளராகி ‘ஹிருதயம்’ தந்தார். அங்கே நடுவர் நாற்காலியில் எம்.ஜி. ஸ்ரீகுமாரோடு சரத், எம். ஜெயச்சந்திரன் என்று இசையமைப்பாளர்களே வாராவாரம் உட்கார்ந்திருந்தார்கள். பாட்டைக் கொடுக்கிறவரே பாடுகிறவரை மாதக்கணக்கில் கேட்கிறார். இங்கே இசையமைப்பாளர்கள் பெரும்பாலும் விருந்தினராக ஒரு வாரம் வந்து போவார்கள். முழுக் காரணம் இதுதான் என்று சொல்ல மாட்டேன்; ஆனால் பெரிய காரணம்.

பாட்டைக் கொடுக்கிறவரின் காதுக்குப் போய்ச் சேருவதுதான் விஷயம் என்பதற்குச் சூப்பர் சிங்கருக்கு முந்தைய உதாரணம் சின்மயி. சன் டிவியில் ஏ.வி. ரமணன் நடத்திய ‘சப்தஸ்வரங்க’ளில் பாடியவரைப் பாடகர் ஸ்ரீநிவாஸ், ஏ.ஆர். ரகுமானிடம் அறிமுகம் செய்ய, ‘ஒரு தெய்வம் தந்த பூவே’ வந்தது. பின்னாளில் அதே சின்மயி சூப்பர் சிங்கரைத் தொகுத்து வழங்க, ஸ்ரீநிவாஸ் அங்கே நடுவராக உட்கார்ந்தார்.

அப்படியானால் பட்டத்தால் என்ன பயன்? மேடை. இது சின்ன விஷயமில்லை. தமிழில் பாடிப் பிழைப்பவர்களில் பெரும்பாலோருக்கு வருமானம் சினிமாவிலிருந்து வருவதில்லை, கச்சேரியிலிருந்து வருகிறது. தை முதல் வைகாசி வரை கல்யாண வரவேற்புகள், பங்குனி சித்திரையில் கோயில் திருவிழாக்கள், ஆடியில் கல்யாணம் நின்றாலும் அம்மன் கோயில்கள் விட்டுவைக்காது. கல்லூரி விழாக்கள், நிறுவன நிகழ்ச்சிகள் தனி. அதற்கு மேல் சிங்கப்பூர், மலேசியா, லண்டன், டொராண்டோ, சுவிட்சர்லாந்து என்று தமிழர்கள் இருக்கும் ஊர்களின் மேடைகள். நோட்டீஸில் பெயருக்கு முன்னால் “சூப்பர் சிங்கர் புகழ்” என்று போட்டால் அமைப்பாளருக்குச் சீட்டு விற்கும். அதனால் அவர் அந்த மூன்று சொல்லுக்குப் பணம் கொடுக்கிறார். “டைட்டில் வின்னர்” என்றால் இன்னும் கொஞ்சம் கூட. திவாகரைப் போல முறையான சங்கீதப் பயிற்சி இல்லாமல் வந்து வென்றவர்களுக்கு இந்த மேடைச் சந்தைதான் உண்மையான பரிசு.

செந்தில் கணேஷை இங்கே தனியாகச் சொல்ல வேண்டும். புதுக்கோட்டைப் பக்கத்து நாட்டுப்புறப் பாடகர். மனைவி ராஜலட்சுமியும் அதே சீசனில் போட்டியாளர். இருவரும் டிவிக்கு வருவதற்கு முன்பே வருடக்கணக்காகக் கிராமத்து மேடைகளில் பாடியவர்கள். அவர்களுக்கென்று சொந்தப் பாட்டுகள் இருந்தன. அந்த மேடைப் பாட்டு ஒன்றுதான் ‘சின்ன மச்சா’னாக உருமாறி ‘சார்லி சாப்ளின் 2’ படத்துக்குப் போனது. ‘விஸ்வாச’த்தில் இமான் இசையில் ‘டங்கா டங்கா’ இருவரும் பாடினார்கள். ‘புஷ்பா’வின் தமிழ்ப் பதிப்பில் ‘சாமி சாமி’ ராஜலட்சுமி குரல். பட்டம் கணவருக்கு, ஊரெல்லாம் ஒலித்த பாட்டு மனைவிக்கு! கவனிக்க வேண்டியது, இவர்கள் யாருடைய குரலையும் திருப்பிப் பாடி வரவில்லை என்பது. சொந்தச் சரக்கோடு வந்தார்கள், டிவி அதைப் பெரிய கடையில் வைத்தது. அதனால்தான் இசையமைப்பாளர்களுக்கு அவர்களைக் கூப்பிடக் காரணம் கிடைத்தது.

மேடைச் சந்தையின் குறை என்னவென்றால் பட்டத்துக்கு ஆயுள் குறைவு. பெரியவர்கள், ஜூனியர் என்று மாற்றி மாற்றி சீசன்கள் வருவதால் ஏறத்தாழ ஒவ்வொரு வருடமும் புதிதாக ஒரு டைட்டில் வின்னர் பிறந்துவிடுவார். அமைப்பாளரின் கண் அங்கே போகும். கைவசம் இருக்கும் ஓராண்டுக்குள் செய்துகொள்ள வேண்டியவை சில உண்டு. மூன்று மணி நேரக் கச்சேரிக்கு, பேச்சும் இடைவெளியும் போக, இருபத்தைந்து பாட்டு வேண்டும். போட்டிக்காகத் தேறிய பாட்டுகளில் பெரும்பாலானவை நடுவருக்காகத் தேர்ந்தெடுத்த கடினமான பாட்டுகள். கல்யாண வரவேற்பில் அவை எடுபடாது. ஆகவே டூயட், குத்துப் பாட்டு, பழைய பாட்டு, பக்திப் பாட்டு என்று நூறு பாட்டாவது சுருதியோடு எழுதி வைத்துக்கொள்ள வேண்டும். கச்சேரிக்குச் சம்மதிக்கும்போதே பாதித் தொகையை முன்பணமாக வாங்கி, மீதி மேடை ஏறும் முன் என்று எழுத்தில் பேசிவிடுவது நல்லது. “நிகழ்ச்சி முடிந்ததும் தருகிறோம்” என்பது இந்தத் தொழிலில் கெட்ட சகுனம். நிறுவனங்கள் கொடுக்கும்போது தொழில்முறைக் கட்டணம் என்று 10% வரி பிடித்துக்கொண்டு தருவார்கள். அந்தச் சான்றை வாங்கி வைத்தால்தான் கணக்குத் தாக்கலில் கழிக்க முடியும்.

யூடியூபில் அடுத்தவர் பாட்டைப் பாடிப் போடுவதைப் பற்றியும் ஒரு வார்த்தை. பார்வை லட்சக்கணக்கில் வரும், காசு வராது. பாட்டின் உரிமை ஒலிப்பதிவு நிறுவனத்திடம் இருப்பதால் யூடியூபின் தானியங்கிச் சோதனையான கன்டென்ட் ஐடி பிடித்து, விளம்பர வருமானத்தை அவர்கள் பக்கம் திருப்பிவிடும். போட்டி மேடையில் பாடிய காட்சிகளோ தொலைக்காட்சிக்குச் சொந்தம். எனவே பாடகருடையது என்று சொல்லிக்கொள்ள, சொந்தமாக மெட்டமைத்த இரண்டு மூன்று பாட்டாவது இருக்க வேண்டும். படத்தில் ஒரு பாட்டு பாடினாலும் பாடகர்களின் உரிமைச் சங்கத்தில் உறுப்பினராகிவிடுவது அவசியம். 2012ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத் திருத்தத்துக்குப் பிறகு பாடுபவருக்கும் ராயல்டி உரிமை உண்டு. அதை வசூலித்துத் தரத்தான் 2013இல் அந்தச் சங்கம் தொடங்கினார்கள். உறுப்பினர் ஆகாதவருக்கு யாரும் தேடிவந்து கொடுக்க மாட்டார்கள்.

பட்டத்தோடு பரிசாகக் கொடுக்கும் வீட்டைப் பற்றிப் பலருக்குத் தெரியாத சங்கதி, வரி. தொலைக்காட்சிப் போட்டியில் வெல்லும் பரிசுக்கு 1961ஆம் ஆண்டு வருமான வரிச் சட்டத்திலேயே தனி விகிதம் வைத்தார்கள்: நேராக 30%. அடிப்படை விலக்கு கிடையாது, எந்தச் செலவையும் கழிக்க முடியாது. 60 லட்ச ரூபாய் மதிப்புள்ள வீடு என்றால் வரி 18 லட்சம். வருமானம் 50 லட்சத்தைத் தாண்டுவதால் அதன் மேல் 10% கூடுதல் வரி, பிறகு 4% செஸ். மொத்தம் 20 லட்சத்து 59 ஆயிரம் சொச்சம். ரொக்கமாக இருந்தால் பிடித்துக்கொண்டு மீதியைக் கொடுத்துவிடுவார்கள். பரிசு பொருளாக இருந்தால், வரி கட்டப்பட்டதை உறுதி செய்த பிறகுதான் கொடுப்பவர் அதை ஒப்படைக்க வேண்டும். அந்த வரியை யார் கட்டுவது, பத்திரப் பதிவுச் செலவு யார் தலையில், கட்டடம் முடிந்ததா இல்லை வரைபடத்தில் இருக்கிறதா, அறிவித்த மதிப்பு யார் போட்டது என்பதையெல்லாம் இறுதிச் சுற்றுக்கு முன்பே எழுத்தில் கேட்டுவிட வேண்டும். மேடையில் பெரிய அட்டைச் சாவியை நீட்டும்போது இதைக் கேட்க முடியாது. 2015இல் ஜூனியர் நான்கில் இரண்டாம் இடம் வந்த கனடாவின் ஜெசிகா, தனக்குக் கிடைத்த ஒரு கிலோ தங்கத்தை ஈழத்திலும் தமிழகத்திலும் உள்ள ஆதரவற்ற பிள்ளைகளுக்குக் கொடுப்பதாக மேடையிலேயே அறிவித்தார். பரிசைக் குறித்து இந்த நிகழ்ச்சி வரலாற்றில் எல்லோருக்கும் ஞாபகம் இருப்பது அது ஒன்றுதான்.

இனி பதினோரு வயதுப் பையன். தாராளமாக அனுப்பலாம். ஆனால் அவனுடைய வயதுதான் இதில் சிக்கலான வயது. பன்னிரண்டிலிருந்து பதினைந்துக்குள் குரல் உடையும். குரல்வளை பெரிதாகி, குரல்நாண்கள் நீண்டு தடிக்கும். சுருதி ஏறத்தாழ ஒரு ஸ்தாயி கீழே இறங்கிவிடும். இன்று ஐந்து கட்டையில் சர்வ சாதாரணமாகப் பாடுகிறவன் இரண்டு வருடம் கழித்து ஒரு கட்டையிலோ ஒன்றரையிலோ வந்து நிற்பான். பெண் பிள்ளைகளுக்கும் மாற்றம் உண்டு; ஆனால் இரண்டு மூன்று அரைச்சுரம் இறங்குவதோடு போகும். ஜூனியரில் வென்ற பையன்களின் பெயர் பிறகு கேட்கவில்லை என்று பேசுபவர்கள் இதை யோசிப்பதில்லை. ரசிகர்கள் ஓட்டுப் போட்ட குரல் இப்போது உலகத்திலேயே இல்லை. புதிதாக வந்திருக்கும் குரலோடு அவன் மறுபடி முதலிலிருந்து தொடங்க வேண்டும்.

குரல் உடையும் காலத்தில் செய்யக்கூடாதது, பழைய சுருதியைப் பிடித்துத் தொங்குவது. கச்சேரி ஒப்புக்கொண்டாகிவிட்டதே என்று அதே பாட்டை அதே உயரத்தில் பாடவைத்தால் நாண்களில் காய்ப்பு வரும். அந்த மாதங்களில் வசதியான நடு ஸ்தாயியில் கால் மணி நேரம், இருபது நிமிடம் என்று பிரித்துப் பாடினால் போதும். சரளி வரிசை, அகாரம், மெதுவான கீர்த்தனை. மிச்ச நேரத்துக்குக் கீபோர்டோ வயலினோ கற்றுக்கொள்ளட்டும். காது வேலை செய்துகொண்டே இருக்கும், தொண்டைக்கு ஓய்வு. கரகரப்பு மூன்று வாரத்துக்கு மேல் நீடித்தால் வெந்நீர், அதிமதுரம் என்று உட்காராமல் காது மூக்குத் தொண்டை மருத்துவரிடம் காட்டுங்கள்.

தேர்வுக்குப் போகும்போது பக்கவாத்தியத் தடம் இல்லாமல், சுருதிப் பெட்டி மட்டும் வைத்துப் பாடப் பழகியிருக்க வேண்டும். முதல் கட்டத் தேர்வில் சில நிமிடம்கூடக் கிடைக்காது. ஆகவே பாட்டின் சிறந்த பகுதி முதல் முப்பது விநாடிக்குள் வரும்படி எடுப்பை வைத்துக்கொள்ளுங்கள். அனுபல்லவியில் இருந்தே தொடங்கினாலும் தப்பில்லை. இரண்டாவது பாட்டு முதல் பாட்டுக்கு நேர்மாறான வகையாக இருக்கட்டும். தேர்வாகிறவர்களோடு கையெழுத்தாகும் ஒப்பந்தத்தில் எத்தனை மாதம் வேறு சேனலில் பாடக்கூடாது, நிகழ்ச்சி சார்பாக நடக்கும் மேடைகளுக்குச் சம்பளம் உண்டா, வெளிக் கச்சேரியில் பங்கு கேட்பார்களா என்ற மூன்று இடத்தை அவசியம் படிக்க வேண்டும். எல்லோரும் கையெழுத்துப் போடுகிறார்கள் என்பதற்காகப் படிக்காமல் போட வேண்டாம். வழக்கறிஞர் ஒருவரிடம் காட்ட ஒரு நாள் அவகாசம் கேளுங்கள்.

பதினான்கு வயதுக்குக் கீழ் உள்ள குழந்தைக் கலைஞர்களுக்குச் சட்டத்திலேயே பாதுகாப்பு இருக்கிறது. 2017இல் திருத்திய குழந்தைத் தொழிலாளர் விதிகளின்படி ஒரு நாளில் ஐந்து மணி நேரத்துக்கு மேல் வேலை வாங்கக்கூடாது, ஓய்வில்லாமல் தொடர்ந்து மூன்று மணி நேரத்துக்கு மேல் கூடாது, தொடர்ச்சியாக 27 நாளுக்கு மேல் கூடாது. தயாரிப்பாளர் மாவட்ட ஆட்சியரிடம் அனுமதி வாங்கியிருக்க வேண்டும், ஐந்து பிள்ளைக்கு ஒருவர் வீதம் பொறுப்பாள் இருக்க வேண்டும், பள்ளிப் படிப்பு தடைபடாமல் ஏற்பாடு செய்ய வேண்டும். படப்பிடிப்பு இரவு வரை இழுத்துக்கொண்டு போனால் பெற்றோர் வாயைத் திறந்து கேட்க வேண்டியது இதைத்தான். பிள்ளை சம்பாதிப்பதில் குறைந்தது 20% அவன் பெயரில் தேசியமயமாக்கப்பட்ட வங்கியில் வைப்புத்தொகையாகப் போக வேண்டும். பதினெட்டு வயது வரை யாரும் எடுக்க முடியாது. தேர்வான வாரத்திலேயே அந்தக் கணக்கைத் திறந்து, கணக்கு எண்ணை ஒப்பந்தத்தில் எழுதச் சொல்லுங்கள்.